இணையவழி நூலாராய்ச்சி

இணையத்தைக் கையாளத் தெரியாத கல்லூரி மாணவர் ஒருவரை இந்நாளிற் காண்டல் அரிது. செய்தி அறிதற்கும், பாட்டுக் கேட்டற்கும், நண்பரோடு உரையாடுதற்கும் அதனைப் பயன்படுத்தும் திறம் எவரும் கற்பியாமலே நமக்கு வந்துவிடுகின்றது. ஆயின், ஒரு பொருளை எடுத்துக்கொண்டு அதன் உண்மை இதுவெனத் துணிதற்கு அதனைப் பயன்படுத்தும் திறமோ கற்றாலன்றி வாராது. தமிழ்ச் சிறப்பு வகுப்பிற் பயிலும் யாம் ஆராய்ச்சிக் கட்டுரை வரைதற்பொருட்டு இணையத்திற் பழகி அறிந்தவற்றுட் சிலவற்றைப் பின்வரும் மாணாக்கர்க்குப் பயன்படுமாறு ஈண்டு எழுதத் துணிந்தோம். ஆசிரியப் பெருமக்களும் பழைய மாணவராகிய மூத்தோரும் இதன்கண் புதியது காணார்; பொறுத்தருள்வாராக.

இணையத்தின் வரலாற்றை விரித்தல் எம் கருத்தன்று. 1989-ஆம் ஆண்டில் ஜெனீவா நகரை அடுத்த செர்ன் என்னும் அணு ஆராய்ச்சி நிலையத்தில் டிம் பெர்னர்ஸ்-லீ என்னும் ஆங்கிலேயர், அறிஞர் தம் ஆராய்ச்சிக் குறிப்புக்களை ஒருவர்க்கொருவர் எளிதிற் காட்டிக்கோடற்கு வகுத்த முறையே இன்று நாம் காணும் வலைத்தளங்கட்கெல்லாம் தோற்றுவாய் என்பதும், 1993-இல் அந்நிலையத்தார் அதனைக் கட்டணமின்றி உலகிற்கு உரிமையாக்கினர் என்பதும் அறிந்தாற் போதும். ஆராய்ச்சிக்கெனப் பிறந்த கருவி அங்காடிக்குச் சென்றுவிட்டது. அதனை மீண்டும் ஆராய்ச்சிக்கு அழைத்து வருதலே மாணவர் செய்யவேண்டுவது.

முதற்கண் தேடுபொறி என்பது யாது, யாதன்று என்று தெளிதல் வேண்டும். கிறிஸ்தவ இல்லங்களில் வேதாகமத்தின் அருகே ஒத்தவாக்கிய அகராதி ஒன்று இருத்தலைப் பலர் கண்டிருப்பர். ஒரு சொல் எந்த ஆகமத்தில், எந்த அதிகாரத்தில், எந்த வசனத்தில் வருகின்றதென அது காட்டும். வசனத்தின் பொருளை அது கூறாது. தேடுபொறியும் அன்னதோர் அகராதியே. கோடிக்கணக்கான பக்கங்களின் சொற்களை அது முன்னரே அடைவு செய்து வைத்திருக்கின்றது. நாம் ஒரு சொல்லை இட்டவுடன் அச்சொல் வரும் பக்கங்களை வரிசைப்படுத்தி நீட்டுகின்றது. அவ்வரிசை உண்மையின் வரிசையன்று. எப்பக்கத்தைப் பிற பக்கங்கள் மிகுதியாகச் சுட்டுகின்றன, எதனை மக்கள் மிகுதியாக நாடுகின்றனர் என்பன போன்ற குறிப்புக்களைக் கொண்டே அது வரிசை செய்யும். ஆகலின் முதலில் நிற்பது பலர் அறிந்ததென்று கொள்ளலாமேயன்றி, மெய்யென்று கொள்ளலாகாது.

இனி, ஓர் எடுத்துக்காட்டால் விளக்குதும். தமிழும் தெலுங்கும் கன்னடமும் வடமொழியினின்றும் பிறந்தன அல்ல, தனியொரு குடும்பத்தைச் சார்ந்தன என்னும் உண்மையை முதன்முதல் எடுத்துரைத்த மேனாட்டார் யாவர்? இவ்வினாவைத் தமிழில் இட்டுத் தேடுமின். கால்டுவெல் ஐயர் 1856-ஆம் ஆண்டில் தாம் வெளியிட்ட ஒப்பிலக்கண நூலில் அதனை முதன்முதற் கண்டு கூறினார் என்று பக்கம் பக்கமாக விடை வரும். இத்துணைப் பேர் ஒருமிடறாகக் கூறுங்கால் ஐயத்திற்கு இடமுண்டோ என்று தோன்றும். ஆயின் அவற்றைப் பொறுமையோடு படித்துச் செல்வார்க்கு வேறொன்று புலனாகும். பத்துப் பக்கங்களில் எட்டு ஒரே சொல், ஒரே தொடர், ஒரே முறைவைப்பு. ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதப்பட்டன என்பது வெளிப்படை.

இவ்விடத்து நம் பதிப்பாசிரியர் கைக்கொண்ட நெறி நமக்குத் துணையாகும். மகாமகோபாத்தியாய உ. வே. சாமிநாதையர் 1887-இல் சிந்தாமணியையும் 1894-இல் புறநானூற்றையும் அச்சிடுமுன் ஊர்தோறும் சென்று ஏட்டுப்பிரதிகளைத் தேடித் தொகுத்து ஒப்புநோக்கினர் என்பது யாவரும் அறிந்ததே. ஓர் ஏட்டைப் பார்த்து எழுதிய ஏடுகள் பத்து இருப்பினும், அவை பத்துச் சான்றுகள் ஆகா; சான்று ஒன்றே. தாய்ப்பிரதியிற் பிழையிருப்பின் சேய்ப்பிரதிகள் அனைத்தினும் அப்பிழை இருக்கும். இணையத்திலும் இதுவே முறை. எத்துணைப் பக்கங்கள் கூறுகின்றன என்று எண்ணற்க. எத்துணைப் பக்கங்கள் தாமே கண்டு கூறுகின்றன என்று எண்ணுக. எண்ணத் தொடங்கின் தொகை விரைவிற் சுருங்கிவிடும்.

அங்ஙனமாயின் தாய்ப்பிரதியைக் காண்டல் எங்ஙனம்? முன்னாளில் 1856-ஆம் ஆண்டுப் பதிப்பொன்றைப் பார்க்க விரும்பிய வெளியூர் மாணவர் சென்னைக்கு வண்டியேறிக் கன்னிமரா நூல்நிலையத்தின் வாயிலில் நிற்றல் வேண்டும். அதற்கும் கைப்பொருள் வேண்டும். சிபாரிசுக் கடிதம் வேண்டும். இன்றோ, இணைய ஆவணகம் எனப் பொருள்படும் இன்டர்நெட் ஆர்க்கைவ் என்னும் நிலையத்தின் தளத்தில் கால்டுவெல் நூலின் பழைய பதிப்புக்களை ஏடு ஏடாகப் புரட்டிப் பார்க்கலாம். இதனினும் பெரும்பேறு ஏழை மாணாக்கர்க்கு வேறு யாது உளது? இப்பேற்றைக் கையில் வைத்துக்கொண்டு, பிறர் எழுதிய பத்தியைப் பெயர்த்தெழுதுவார் செயல், கிணற்றங்கரையில் நின்றுகொண்டு அண்டைவீட்டில் நீர் கடன் கேட்பது போல்வதாம்.

அந்நூலின் முதற்பதிப்பின் முகவுரையைப் படிப்பார் வியப்படைவர். இத்துறையில் முதன்முதல் உழுதவர் எல்லிஸ் என்னும் சென்னைச் சிவில் உத்தியோகஸ்தரே என்று கால்டுவெல் ஐயர் தாமே எழுதியிருக்கின்றார். காம்ப்பெல் துரை இயற்றிய தெலுங்கு இலக்கணத்திற்கு எல்லிஸ் எழுதிய முன்னுரையையும், அதன்கண் அவர் தென்மொழிச் சொற்களை ஒப்பிட்டமையையும் அவரே சுட்டுகின்றார். அவ்விலக்கணம் அச்சானது 1816-இல். அஃதாவது கால்டுவெல் நூலுக்கு நாற்பது ஆண்டு முற்பட்டது. ஆயினும், இலக்கண அமைதி முழுவதையும் ஒப்பிட்டு நிறுவிய பெருமை கால்டுவெல்லாருடையதே. ‘திராவிடம்’ என்னும் பெயரையும் அவர் புதிதாகப் படைத்ததாகக் கூறவில்லை. வடநூலார் வழங்கிய சொல்லை எடுத்துக்கொண்டமையை வெளிப்படையாகவே கூறுகின்றார். ஆக, ஐயர் தமக்கு வேண்டாவென்று பிறர்க்களித்த மாலையை நம்மவர் வற்புறுத்தி அவர் கழுத்திலேயே இட்டு வருகின்றனர்! எல்லிஸ் 1819-இல் இராமநாதபுரத்தில் இறந்துபட்டார். தமக்குரியதைக் கேட்டற்கு அவர் வருவாரல்லர்.

நிற்க. மூலநூல் கிடைத்தது என்று மகிழ்ந்தவுடன் மற்றொரு வினா எழும்: எப்பதிப்பு? கால்டுவெல் நூல் 1856-இல் முதற்பதிப்பாகவும், ஆசிரியரே திருத்திப் பெருக்கிய இரண்டாம் பதிப்பாக 1875-இலும், அவர் காலஞ்சென்று இருபத்திரண்டு ஆண்டுகட்குப்பின் ஒயாட், இராமகிருஷ்ண பிள்ளை என்னும் இருவர் பார்வையிற் சுருக்கப்பெற்ற மூன்றாம் பதிப்பாக 1913-இலும் வெளிவந்தது. பின்னர்ச் சென்னைப் பல்கலைக்கழகத்தார் மறுபதிப்புச் செய்தது இம்மூன்றாவதனையே. ஆதலின் நூல்நிலையங்களில் நாம் பெரும்பாலும் காண்பதும் அதுவே. இரண்டாம் பதிப்பில் இருந்த பல பகுதிகள் அதன்கண் இல்லை. பறையரும் நீலகிரித் தோதவரும் திராவிடரா என்று ஆராயும் பின்னிணைப்புக்களும், திராவிடரது பழஞ்சமயத்தைப் பற்றிய பகுதியும் விடுபட்டன. இக்காலத்துச் சமுதாய வரலாற்று மாணவர் முதலில் தேடுவன அப்பகுதிகளே அன்றோ? 1913-ஆம் ஆண்டுப் பதிப்பை மட்டும் பார்த்துக் ‘கால்டுவெல் இதனைப்பற்றி ஒன்றும் கூறிற்றிலர்’ என்று ஒருவர் எழுதுவராயின், அவர் கண்ணாரக் கண்டே பொய் கூறினவராவர். இணையத்தில் இப்பதிப்புக்கள் ஒன்றன்பின் ஒன்றாகக் கிடத்தலின், தலைப்பு ஏட்டைப் பாராது உள்ளே புகுதல் கூடாது. தளத்தின் அட்டவணையில் எழுதியுள்ள ஆண்டையும் நம்பற்க. பெருந்தொகையாக நூல்களைப் படம்பிடித்து ஏற்றினவர்கள் ஆண்டையும் ஆசிரியர் பெயரையும் மாறிப் பதிந்த இடங்கள் மிகப் பல. தலைப்பு ஏடே சான்று.

எல்லிஸ் முன்னுரையைத் தேடப் புகுவார்க்குப் பிறிதொரு தடை காத்திருக்கின்றது. ‘திராவிடம்’ என்னும் சொல்லை ஆங்கிலத்தில் இட்டுத் தேடின் அது வாராது. ஏனெனில் எல்லிஸ் அச்சொல்லை ஆண்டிலர். தென்னிந்திய மொழிகள் என்னும் பொருள்பட எழுதினர். ‘தெலுங்கு’ என்பதனை இக்கால ஆங்கில எழுத்துக்கூட்டில் இட்டாலும் தலைப்பு அகப்படாது. காம்ப்பெல் காலத்தார் அதனைத் ‘தெலூகூ’ என ஒலிக்குமாறு உயிரெழுத்தை இருகால் இரட்டித்து எழுதினர். ஆகவே தேடும் சொல்லை நம் காலத்தினின்று எடாது, தேடப்படும் நூலின் காலத்தினின்று எடுத்தல் வேண்டும். தஞ்சாவூர், மதுரை, தூத்துக்குடி முதலிய ஊர்ப்பெயர்களைப் பழைய ஆங்கில எழுத்துக்கூட்டில் இட்டுத் தேடினாலன்றி அக்காலத்து ஆவணங்கள் வெளிப்படா. தமிழிலும் எல்லிஸ், எல்லிசு, எல்லீஸ், எல்லீசன் என நான்காயினும் உள. கால்டுவெல், கால்ட்வெல் என இரண்டு. ஒன்றை இட்டு ‘ஒன்றுமில்லை’ என்று திரும்புவார் பலர்.

தமிழ்மொழியில் தேடுதற்கு இலக்கண அறிவு இன்றியமையாதது என்பதை எம் வகுப்பினர் மகிழ்ச்சியோடு கேட்பர். பொறிக்குப் புணர்ச்சி நன்கு தெரியாது. ‘பொன்’ என்று நாம் இட்டால் ‘பொற்குடம்’ அகப்படாமற் போகும். ‘கல்’ என்று இட்டால் ‘கற்றூண்’ தப்பிவிடும். ‘மரம்’ என்பதற்கு ‘மரத்தை’, ‘மரத்தின்’ வாரா. ஆகலின் திரிபடைந்த வடிவங்களையும், வேற்றுமை ஏற்கும் அடிச்சொல்லையும் வேறு வேறாக இட்டுத் தேடுதல் வேண்டும். நன்னூலின் புணரியலை மனனம் செய்தது தேர்வுக்கு மட்டும் என்று வருந்தியவர் இனி வருந்தற்க. தொடராகத் தேடவேண்டுமிடத்து அத்தொடரை இரட்டை மேற்கோட்குறிக்குள் அடைத்தால், சொற்கள் அவ்வாறே அடுத்தடுத்து வரும் இடங்களே கிடைக்கும். வேண்டாத சொல்லின் முன் கழித்தற்குறி இட்டால் அச்சொல் வரும் பக்கங்கள் ஒழியும்.

இன்னும் ஒன்று. பழைய நூல்களின் படத்தை எழுத்தாக மாற்றுவதும் பொறியே. 1978-இல் தமிழக அரசு எழுத்துச் சீர்திருத்தத்தை ஏற்குமுன் அச்சான நூல்களில் ணை, லை, னை, றா முதலியன வேறு வடிவின. பொறி அவற்றைத் தவறாகப் படித்தல் உண்டு. ரகரத்தையும் காலையும் மாற்றிப் படித்தலும் உண்டு. ஏடெழுதுவோர் செய்த பிழையைப் பொறியும் செய்தல் நகைப்பிற்கிடமாயினும் உண்மை. ஆதலின் ஒரு நூலினுள் தேடிச் சொல் கிடைக்கவில்லையாயின், அச்சொல் அந்நூலில் இல்லை என்று துணிதல் கூடாது. பொருளடக்கத்தைப் பார்த்து உரிய இயலைக் கண்ணாற் படித்தலே வழி.

தமிழ்நூல்களைப் பொறுத்தவரை மாணவர் முதலில் அறியவேண்டிய தளங்கள் சில. 1998-ஆம் ஆண்டு பொங்கல் நாளில் தொடங்கிய மதுரைத் திட்டம், பல நாட்டுத் தமிழர் ஊதியமின்றித் தட்டச்சுச் செய்தும் பிழை திருத்தியும் அளித்த நூல்களின் தொகுதி. அதன் நூல்களின் முகப்பில், இன்னார் தட்டச்சுச் செய்தார், இப்பதிப்பு மூலமாகக் கொள்ளப்பட்டது என்றாற்போன்ற குறிப்புக்கள் காணப்படும்; அவற்றைப் பாராது பாட்டை மட்டும் பெயர்த்துக்கொள்வது நன்றி மறத்தலும் ஆம், ஆராய்ச்சி மறத்தலும் ஆம். 2001-இல் தோன்றிய தமிழ் இணையக் கல்விக்கழகத் தளத்தில் இலக்கியங்கள் பல உரையோடு உள்ளன. சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ்ப் பேரகராதியைச் சிகாகோ பல்கலைக்கழகத்தார் தம் தளத்தில் தேடற்கேற்ப அமைத்துள்ளனர். கோட்டையூர் ரோஜா முத்தையா செட்டியார் தம் வாழ்நாளெல்லாம் திரட்டிய நூல்களைக் கொண்டு 1994-இல் எழுந்த சென்னை நூலகத்தின் அட்டவணை, இப்படியும் ஒரு நூல் உண்டோ என்று வியக்கச் செய்யும். 1981-இல் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரியூட்டப்பட்டு ஏறக்குறைய 97,000 நூல்கள் சாம்பலான கதையை அறிந்தவர், ஈழத்து நூல்களையும் இதழ்களையும் 2005 முதல் இணையத்தில் ஏற்றிக் காத்துவரும் நூலகம் என்னும் தளத்தைக் காணுந்தோறும் நெஞ்சுருகுவர்.

மூலநூலைக் கண்டபின், அதனைப்பற்றி அண்மையில் அறிஞர் கூறியவற்றை அறிதற்கு 2004-இல் தோன்றிய கூகிள் ஸ்காலர் உதவும். அதன் அரியதோர் வசதி யாதெனின், ஒரு நூலைப் பின்வந்தோர் எவரெவர் மேற்கோளாக எடுத்தாண்டனர் என்று காட்டுதலாம். அடிக்குறிப்புக்கள் நம்மைப் பின்னோக்கி அழைத்துச் செல்லும். இவ்வசதி முன்னோக்கி அழைத்துச் செல்லும். எல்லிஸைப்பற்றித் தேடுவார் இவ்வழியே தாமஸ் டிரவுட்மன் என்னும் அமெரிக்க வரலாற்றறிஞர் 2006-இல் வெளியிட்ட நூலை அடைவர். எல்லிஸின் முன்னுரை சென்னைக் கோட்டைக் கல்லூரியில் நம் நாட்டுப் புலவரோடு கூடிச்செய்த உழைப்பின் பயன் என்று அந்நூல் விரித்துரைக்கின்றது; ‘திராவிடச் சான்று’ என அது தமிழிலும் வந்துள்ளது. பழைய ஆராய்ச்சி இதழ்களுக்கு ஜேஸ்டோர் உளது. இந்தியப் பல்கலைக்கழகங்களின் ஆய்வேடுகளுக்குச் சோத்கங்கா உளது. ஆய்வேடென்று கண்டவுடன் அதனை வேதவாக்காகக் கொள்ளற்க. அதன் இறுதியில் உள்ள துணைநூற் பட்டியைத் திறவுகோலாகக் கொள்க. விக்கிப்பீடியாவையும் அவ்வாறே அடியிலிருந்து மேலாகப் படித்தல் நன்று.

இங்குச் செயற்கை நுண்ணறிவைப்பற்றிக் கூறாதிருத்தல் இயலாது. வினாவை இட்டவுடன் கட்டுரையே எழுதித்தரும் பொறி கையிலிருக்க, இத்துணை இடர் எற்றுக்கு என்று நண்பர் சிலர் வினவுகின்றனர். 2022-ஆம் ஆண்டின் இறுதியில் வெளிவந்த சாட்ஜிபிடியை நம்பி, மறு ஆண்டே நியூயார்க் நகரத்து வழக்கறிஞர் இருவர் கூட்டரசு நீதிமன்றத்தில் ஒரு விமான நிறுவனத்தின்மேல் தொடுத்த வழக்கில் முற்றீர்ப்புக்கள் சிலவற்றை மேற்கோள் காட்டினர். எதிர்க்கட்சியார் தேடினர், கிடைக்கவில்லை. நீதிபதி தேடினார்; கிடைக்கவில்லை. அத்தீர்ப்புக்கள் எந்நீதிமன்றத்திலும் எக்காலத்தும் வழங்கப்பெறாதன; பொறி தானே புனைந்தவை. 5,000 டாலர் தண்டம் விதிக்கப்பட்டது. இப்பொறி பொய் கூறக் கருதிற்றில்லை. ஒரு சொல்லின்பின் எச்சொல் வருதல் இயல்பு என்று கணித்துக் கோத்தலே அதன் தொழில். வழக்கின் பெயர், ஆண்டு, பக்க எண் ஆகியவற்றின் வடிவை அது அறியும், அவற்றின் மெய்ம்மையை அறியாது. தேடுபொறிகளுட் சிலவும் இக்காலத்து இத்தகைய விடையையே பக்கத்தின் தலைப்பில் இடுகின்றன. கடினமான ஆங்கிலப் பத்தியின் பொருளை விளக்கக் கேட்பதற்கும், தேடற்குரிய மாற்றுச் சொற்களைக் கேட்பதற்கும் அது நன்றே உதவும். நூற்பெயர் ஒன்றை அது கூறின், அந்நூலை ஒரு நூலகத்தின் அட்டவணையிலேனும் படத்திலேனும் கண்ணாற் கண்ட பின்னரே நம் கட்டுரையில் எழுதுதல் வேண்டும்.

குறிப்பெடுக்கும் முறையை மிகச் சுருக்கமாகக் கூறுவோம். கண்ட பக்கத்தின் முகவரியும், கண்ட நாளும், பதிப்பின் ஆண்டும், அச்சுப்பக்க எண்ணும் அப்போதைக்கப்போதே எழுதிக்கொள்க. படத்தின் வரிசை எண் வேறு, அச்சுப்பக்க எண் வேறு; மயங்கற்க. இணையப் பக்கங்கள் சொல்லாமல் மறைவன. மறைந்த பக்கத்தின் முகவரியை இணைய ஆவணகத்தின் வேபேக் மெஷினில் இட்டால் அதன் பழைய தோற்றம் பெரும்பாலும் கிடைக்கும். பிறர் சொல்லை அவ்வாறே எடுப்பின், குறிப்பேட்டில் எழுதும்போதே மேற்கோட்குறி இட்டு எழுதுக. மூன்று திங்கள் கழிந்தபின் நம் சொல் யாது, பிறர் சொல் யாது என்று எவர்க்கும் நினைவிராது.

இணையத்தில் ஏறாத நூல்களும் மிகப் பல. ஊர்ச் சபைகளின் பதிவேடுகள், சிற்றிதழ்கள், கையெழுத்துப் பிரதிகள் ஆகியன இன்னும் மரப்பேழைகளிலேயே உறங்குகின்றன. நம் நூல்நிலையத்தின் உள்ளறையிலும் அத்தகையன சில உள. எல்லிஸ் இறந்தபின் அவர் எழுதி வைத்திருந்த தாள்களுட் பல மதுரையில் ஒரு துரையின் சமையற்காரன் அடுப்பு மூட்டுதற்குப் பயன்பட்டு அழிந்தன என்று பின்வந்த அறிஞர் வருந்தி எழுதியுள்ளனர். தப்பிய சில ஆக்ஸ்போர்டு நகரத்துப் போட்லியன் நூல்நிலையத்தைச் சேர்ந்தன. விடுமுறையில் தத்தம் ஊர்க்குச் செல்லும் நண்பர்கள், பாட்டனார் பெட்டியில் உள்ள பழந்தாள்களையும், ஆலயத்து அலமாரியில் உள்ள பதிவேடுகளையும் உடையவர் இசைவுபெற்றுத் திறந்து பார்த்து, கிடைத்தவற்றின் பெயரும் ஆண்டும் எழுதிவந்து நம் நூல்நிலையத் தலைவரிடம் தருவாராயின், அவற்றைப் படம்பிடித்து வைத்தற்குக் கல்லூரியில் கருவி உளது.